முதலில் மணல் மூட்டை

அத்தான் அரை மணி நேரமாக ஒரே ஒரு பேரிக்காயைத் துருவிக்கொண்டிருந்தார். நான் உள்ளே போனபோது சமையல் மேடையில் ஒரு சின்னத் தராசு, ஒரு ஸ்டாப்வாட்ச், கிரீஸ் கறை படிந்த அவருடைய நோட்டு, அதன் மேல் ஒரு பென்சில், எல்லாம் கோடு கிழித்து வைத்தது போல வரிசையாக இருந்தன. பக்கத்துத் தட்டில் பன்றி இறைச்சியை மெலிதாகச் சீவி, ஒரு துண்டின் மேல் இன்னொன்று படாமல் பரப்பியிருந்தார். பாதி உறைந்திருக்கும்போது வெட்டினால்தான் இப்படி வரும் என்று பிறகு விளக்கினார். சோயா சாஸ், வறுத்த எள்ளின் எண்ணெய், நசுக்கிய பூண்டு, கொத்தமல்லி வேர், சித்தரத்தை, தேங்காய்ப் பால் என்று கிண்ணங்கள் தனியாக நின்றன. ஐம்பத்து மூன்று வயதுவரை தனக்கென்று ஒரு டீகூடப் போட்டுக்கொள்ளாத மனிதர் அவர். துருவியில் விரல் படாமல் வளைத்துக்கொண்டு, நாக்கை லேசாகக் கடித்தபடி நின்றதைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு முட்டியது.

"கை கழுவிட்டு வா மச்சான். இன்னைக்கு நீதான் மூட்டை," என்றார்.

அத்தானுக்கு லிஃப்ட் பராமரிக்கும் வேலை. பழுது பார்த்து முடித்த லிஃப்ட்டில் அவர் நேராக ஆளை ஏற்ற மாட்டார். முதலில் மணல் மூட்டை. பத்துப் பேர் எடைக்கு மூட்டைகளை அடுக்கி, மேலும் கீழும் ஓட்டிப் பார்ப்பார். பிறகு மூட்டைகளை இறக்கிவிட்டு அவர் மட்டும் ஏறிப் போய் வருவார். அதற்கப்புறம்தான் ஜனங்கள். இந்த மூன்று படிகளில் ஒன்றைக்கூட அவர் தாண்டி நான் பார்த்ததில்லை. புதுச் செருப்பு வாங்கினால் இரண்டு நாள் வீட்டுக்குள்ளேயே நடந்து பார்த்துவிட்டுத்தான் தெருவில் இறங்குவார். அக்காவைப் பெண் பார்க்க வருவதற்கு முன்னால் எங்கள் தெருவில் மூன்று முறை சும்மா நடந்துவிட்டுப் போனார் என்பது, கல்யாணமாகிப் பல வருஷம் கழித்துத்தான் எங்களுக்குத் தெரிந்தது. "அன்னைக்கே மூட்டை ஏத்திப் பாத்திருக்காரு பாரு," என்று அக்கா சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

எனக்கு அவரிடம் அப்போதெல்லாம் பெரிய மரியாதை கிடையாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஒரு நாளைக்குப் பத்து வார்த்தை பேசுகிற ஆள். நான் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவன். இன்னொருவர் ஸ்டியரிங்கைப் பிடித்திருக்க, பக்கத்து சீட்டில் எனக்கென்று இருக்கும் பிரேக்கின் மேல் கால் வைத்து உட்கார்ந்திருப்பது என் பிழைப்பு. நாள் முழுக்கப் பேச்சு, அதட்டல், "பிடி, விடு, திருப்பு." பேசாமல் பொறுத்திருப்பவர்களை மந்தம் என்று நினைத்துவிடுவேன். எனக்குக் கல்யாணமும் ஆகவில்லை என்பதால், ஞாயிற்றுக்கிழமைதோறும் அக்கா வீட்டில் சாப்பிட்டுவிட்டு, அத்தானைக் கிண்டல் செய்துவிட்டு வருவதுதான் இருபது வருஷ வழக்கம்.

அக்கா ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் தலைமை நர்ஸ். ஒரு நோயாளிக்கு மருந்து ஏற்றி முடிப்பதற்கும் இன்னொருவரைக் கூப்பிட்டு உட்கார வைப்பதற்கும் நடுவே கிடைத்த நாலு நிமிஷத்தில் சாப்பிட்டுப் பழகியவள். வீட்டிலும் அதே வேகம். நாங்கள் இரண்டாவது கவளத்தில் இருக்கும்போது அவள் தட்டைக் கழுவிக்கொண்டிருப்பாள். "இன்னும் என்னடா கொறிச்சிக்கிட்டு? மேஜையத் துடைக்கணும், எந்திரி," என்று தோளில் தட்டுவாள். பந்திக்கு முந்து என்று சொன்னவர்கள் உன்னைப் பார்த்துத்தான் சொன்னார்கள் என்று நான் சொல்வேன். பதிலுக்குத் தலையில் ஒரு குட்டு விழும்.

போன வருஷம் அவள் நாக்கின் ஓரத்தில் ஒரு புண் வந்தது. ஆறவில்லை. ஆறாத புண்ணை உடனே காட்டுங்கள் என்று வார்டுக்கு வருகிறவர்களிடம் ஆயிரம் தடவை சொன்னதைத் தனக்குச் சொல்லிக்கொள்ள அவளுக்கு இரண்டு மாதம் ஆயிற்று. நாக்கில் ஒரு பகுதியை வெட்டி எடுத்தார்கள். பிறகு ஆறு வாரம் கதிர் சிகிச்சை. நோய் போனது, கூடவே எச்சில் ஊறுவதும் போனது. பேச்சு திரும்ப வந்துவிட்டது. வேலைக்குக்கூடத் திரும்பிவிட்டாள், சில ஞாயிறு மதியங்கள் உட்பட. ஆனால் சாப்பாடு மட்டும் திரும்பவில்லை. ஒரு வாய்க்கு ஒரு மடக்குத் தண்ணீர் வேண்டும். காரமும் புளிப்பும் நெருப்பாகச் சுடும். ஒரு சின்னக் கிண்ணத்தைக் காலி செய்ய ஒரு மணி நேரம். உலகத்திலேயே வேகமாகச் சாப்பிட்டவள் தன்னுடைய மெதுவைப் பிறர் பார்ப்பதைத் தாங்க மாட்டாமல், துணி தேய்க்கும் பின்னறையில் கிண்ணத்தோடு போய்க் கதவைச் சாத்திக்கொள்ள ஆரம்பித்தாள். உள்ளே தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்கும். அத்தானும் அவர்கள் மகளும் நானும் சாப்பாட்டு மேஜையில் அந்தச் சத்தத்தைக் கேட்காத மாதிரி உட்கார்ந்திருப்போம்.

ஒரு தடவை முயன்று பார்த்தோம். நான் போட்ட திட்டம்தான். கெஞ்சிக் கூத்தாடி அவளை மேஜைக்குக் கூட்டி வந்து, நாங்கள் எல்லோரும் வேண்டுமென்றே மெதுவாகச் சாப்பிட்டோம். நான் ஒரு வாயை இருபது முறை மென்றேன். பத்து நிமிஷம் பொறுத்தாள். பிறகு ஸ்பூனைக் கீழே வைத்தாள்.

"நடிக்காதீங்க. எத்தனை நோயாளியப் பாத்தவ நான்! மருந்து சாப்பிட்டேன்னு பொய் சொல்ற மூஞ்சி எனக்குத் தெரியாதா?"

கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். தாழ்ப்பாள் விழுந்தது. அதற்குப் பிறகு எட்டு மாதம் யாரும் அவளைக் கூப்பிடவில்லை.

இதற்குள் அவர்களுடைய மகளுக்கு வேறு ஊரில் வேலை கிடைத்தது. இருபத்திரண்டு வயது ஆகியும் எங்களுக்கு அவள் பாப்பாதான். போவதற்கு ஐந்து வாரம் இருந்தது. ஒருநாள் அம்மாவின் தலைமுடியை வாரிக்கொண்டே, "போறதுக்கு முன்னாடி ஒரே ஒரு நாள் எல்லாரும் ஒண்ணா உக்காந்து சாப்பிடலாமாம்மா?" என்று கேட்டிருக்கிறாள். அக்கா கண்ணாடியைப் பார்த்தபடியே, "பாக்கலாம்," என்றாளாம். பாக்கலாம் என்றால் எங்கள் குடும்பத்தில் மாட்டேன் என்று அர்த்தம். அத்தான் அப்போது பக்கத்து அறையில் செருப்புக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தார். காதில் விழுந்ததாகக் காட்டிக்கொள்ளவே இல்லை.

மறுவாரம் அவர் என் வீட்டு வாசலில் வந்து நின்றார். வேலைச் சட்டையைக்கூட மாற்றவில்லை. ஒரு கட்டடத்தில் லிஃப்ட்டுக்குக் கம்பி மாற்ற மூன்று நாளாகப் போய்க்கொண்டிருந்தாராம். லிஃப்ட்டுக்கு எதிரே கண்ணாடிச் சுவர் வைத்த ஒரு சாப்பாட்டுக் கடை. கொரியாக்காரர்கள் இறைச்சி சுடும் முறையையும் தாய்லாந்துக்காரர்களின் சூப்பையும் ஒரே சட்டியில் சேர்த்த சாப்பாடு அங்கே. சட்டியின் நடுவே கவிழ்த்த கிண்ணம் போல ஒரு மேடு, அதில் இறைச்சியைப் போட்டுச் சுட வேண்டும். மேட்டைச் சுற்றி வாய்க்கால் மாதிரி ஒரு பள்ளம், அதில் சூப் கொதிக்கும். இறைச்சியின் கொழுப்பும் சாறும் வழிந்து சூப்பில் இறங்கும். சட்டி மேஜை நடுவிலேயே அடுப்போடு இருக்கும், அவரவர் துண்டை அவரவர் சுட்டுக்கொள்ள வேண்டும். இவ்வளவையும் அவர் ஒரே மூச்சில் சொல்லி முடித்தபோது, இவருக்கு இத்தனை வார்த்தை தெரியுமா என்று நான் வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

"மச்சான், அங்க ஒருத்தனாலயும் வேகமாச் சாப்பிட முடியல. முடியவே முடியாது. ஒவ்வொரு துண்டா வேகணும். வேகற வரைக்கும் எல்லாரும் காத்துக்கிட்டுதான் இருக்கணும். நடிக்கவே தேவையில்ல."

"அத்தான்..."

"பல்லு போன பெரியவர் ஒருத்தர். கூட நாலு பேரு. கடைசி வரைக்கும் அவரு மெதுவாச் சாப்பிட்டது யாருக்குமே தெரியல. ஒண்ணேகால் மணி நேரம். நான் டைம் பாத்தேன்."

எட்டு மாதமாக நாங்கள் எல்லோரும் அக்காவை எப்படி மாற்றுவது என்று யோசித்துக்கொண்டிருந்தோம். இந்த மனிதர் சட்டியை மாற்ற யோசித்திருக்கிறார்.

அந்தக் கடையின் சமையல்காரம்மா காற்று வாங்க வெளியே வந்தபோதெல்லாம் லிஃப்ட் ஓரத்தில் நிறுத்திக் கேள்வி கேட்டிருக்கிறார். அந்தம்மா சிரித்துக்கொண்டே, இதைவிட எளிதான சமையல் உலகத்தில் கிடையாது, ஊற வைத்துவிட்டால் போதும், மீதி வேலையைச் சாப்பிட வருகிறவன் செய்துகொள்வான் என்றாளாம். பேரிக்காயும் சோயா சாஸும் எள் எண்ணெயும் கொரியாப் பக்கம். எலுமிச்சைப் புல்லும் தேங்காய்ப் பாலும் கொத்தமல்லி வேரும் தாய்லாந்துப் பக்கம். காரமெல்லாம் தொட்டுக்கொள்ளும் கிண்ணத்தில் மட்டும், வேண்டியவர்களுக்கு. அத்தான் அத்தனையையும் நோட்டில் எழுதி வைத்திருந்தார். அதே நோட்டின் முன்பக்கங்களில் கம்பிகளின் தடிமன்களும் மோட்டார் எண்களும் இருந்தன.

அக்கா வேலைக்குப் போகும் மூன்று ஞாயிற்றுக்கிழமைகள்தான் எங்களுக்குச் சோதனை ஓட்டம். மூட்டைகள் நானும் பாப்பாவும். அந்தப் பேரிக்காய் நாள்தான் முதலாவது. சட்டிக்கு ஏற்பாடு ஆகாததால், அகலமான வாணலியில் சூப்பை ஊற்றி, நடுவே ஒரு எவர்சில்வர் வடிதட்டைக் கவிழ்த்து வைத்தார். சூப் அடியில் கொதித்து ஓட்டைகள் வழியாக ஆவி மேலே வந்ததே தவிர, இறைச்சி சுடப்படவே இல்லை. வெளுத்து, நனைந்து, துவண்டு கிடந்தது. பாப்பா ஒரு துண்டை வாயில் போட்டு நெடுநேரம் கூரையைப் பார்த்தாள். "ஈரத் துணியக் கடிச்ச மாதிரி இருக்குப்பா," என்றாள். அத்தான் முகம் மாறாமல் நோட்டில் 'ஆவி' என்று எழுதி அடிக்கோடு போட்டார்.

இரண்டாவது ஞாயிற்றுக்குள் எங்கிருந்தோ சரியான சட்டியே வந்துவிட்டது. கனமான அலுமினியம், மேட்டில் மேலிருந்து கீழ்வரை கோடு கோடாகப் பள்ளம். மேஜை மேல் வைக்கிற சின்ன கேஸ் அடுப்பில் அது ஆடியதால், அடியில் பொருந்துகிற மாதிரி ஓர் இரும்பு வளையத்தை அவரே அறுத்துத் தேய்த்துக் கொண்டுவந்திருந்தார். இந்த முறை மேட்டின் உச்சியில் ஒரு துண்டுக் கொழுப்பை வைத்தார். அது உருகி நாலு பக்கமும் வழிந்தது, இறைச்சி போட்டதும் சுருக்கென்று சத்தம் வந்தது. நான் கைதட்டினேன். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை, கருகல் வாசனை. பேரிக்காயின் இனிப்பு அதிகமாகி விளிம்பெல்லாம் கரியாகிவிட்டது. பேரிக்காயைப் பாதியாகக் குறைத்தார். கூடவே சித்தரத்தையையும் எடுத்துவிடப் போவதாகச் சொன்னார்.

"ஏன் அத்தான்? நல்லாத்தானே இருக்கு. வாசனையே அதுலதான் வருது."

"எரியுது."

"எரியலையே! பாப்பா, உனக்கு எரியுதா?"

"இல்லையே."

"எரியுது," என்று சொல்லி நோட்டில் அதை அடித்துவிட்டார். அவர் பேச்சு கொஞ்சம் குழறியது. கேட்டதற்கு, நாக்கைக் கடித்துக்கொண்டதாகச் சொன்னார். அன்றைக்கு அவர் காரக் கிண்ணத்தைத் தொடவே இல்லை என்பதையும் கவனித்தேன். மேடை ஓரத்தில் அவரே போட்ட டீ ஒரு டம்ளரில் பாதி இருந்தது. சமையல் பழகியதில் டீயும் பழகிவிட்டாரே என்று கிண்டல் செய்தேன். வழக்கம் போலச் சிரித்தார்.

மூன்றாவது ஞாயிறு எல்லாம் கூடி வந்தது. இறைச்சி விளிம்பில் முறுகி நடுவில் மெத்தென்று இருந்தது. கோழித் துண்டுகளும் அப்படியே. சூப்பில் போட்ட காளானும் முட்டைக்கோசும் இறங்கி வந்த சாற்றைக் குடித்து மினுமினுத்தன. எலுமிச்சைப் புல்லின் வாசனை வீட்டை நிறைத்தது. சூப்பை ஒரு கரண்டி வாயில் விட்டதும், இதில் ஒரு துண்டைத் தோய்த்தால் எச்சில் ஊறாத வாய்க்குள்ளும் வழுக்கிக்கொண்டு போகும் என்று எனக்கே புரிந்தது. அக்காவுக்கு ஒவ்வொரு வாய்க்கும் தேவைப்பட்ட ஈரம், அந்தச் சட்டியில் எல்லோருக்கும் பொதுவாகக் கொதித்துக்கொண்டிருந்தது. பாப்பாவும் நானும் ஒரு மணி பத்து நிமிஷம் சாப்பிட்டோம். அவசரப்பட முயன்றும் முடியவில்லை. அத்தான் ஸ்டாப்வாட்ச்சை நிறுத்தி நோட்டில் எழுதிவிட்டு, முதல் தடவையாக, "ஆள் ஏறலாம்," என்றார்.

நாலாவது ஞாயிறு அக்காவுக்கு விடுப்பு. மறுநாள் காலை பாப்பாவுக்கு ரயில். கூடத்தில் பெட்டிகள் கட்டி நின்றன. மதியம் ஜன்னல்களையெல்லாம் திறந்துவைத்து, மேஜை நடுவே அடுப்பும் சட்டியும், சுற்றிலும் இறைச்சி, கோழி, காளான், இலைகள், ஒரு பாத்திரம் சோறு, சிவப்பாக ஒன்றும் எலுமிச்சை பிழிந்த மீன் சாஸில் பச்சை மிளகாய் மிதக்க ஒன்றுமாக இரண்டு காரக் கிண்ணங்கள். தலைவாரி முடித்து வந்த அக்கா வாசலிலேயே நின்று மேஜையைப் பார்த்தாள்.

"என்னது இது, ஆபரேஷன் தியேட்டர் மாதிரி?"

"உக்காரும்மா," என்றார் அத்தான்.

"நீங்க சாப்பிடுங்க. நான் அப்புறமா..."

"அப்புறமா முடியாது. இத அடுப்புல வச்சே சாப்பிடணும். ஆளுக்கொரு பக்கம். ஒரு பக்கம் ஆள் இல்லேன்னா அந்தப் பக்கம் கருகும்."

அவர் சொன்னதில் ஒரு வார்த்தைகூடக் கெஞ்சல் இல்லை. இயந்திரத்தைப் பற்றிச் சொல்கிற குரல். அக்கா நாலு நாற்காலிகளையும் பார்த்தாள், கட்டிவைத்த பெட்டிகளைப் பார்த்தாள், பாப்பாவைப் பார்த்தாள். பிறகு தன் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். எட்டு மாதம் கழித்து அந்த நாற்காலி தரையில் உரசிய சத்தம் கேட்டது.

கொழுப்பு உருகியது. முதல் துண்டுகள் விழுந்தன. வாசனை எழுந்தது. அக்கா கொதிக்கும் சூப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் மூக்கு விரிவது தெரிந்தது. எல்லாம் சரியாகப் போய்க்கொண்டிருந்தது. அப்போதுதான் காரில் குறுக்கே பிரேக் மிதிக்கும் என் அவசரம் உள்ளே புகுந்தது. எனக்குக் காத்திருக்கத் தெரியாது. முதல் துண்டு வெந்ததும் இடுக்கியால் எடுத்து அவள் தட்டில் வைத்துவிட்டேன். அதே நொடியில் பாப்பாவும் தன் பக்கத்துத் துண்டை எடுத்து அம்மா தட்டில் வைத்தாள். அந்தப் பக்கமிருந்து அத்தானின் கையும், நோட்டில் எழுதாத ஒரு வேகத்தில், ஒரு துண்டோடு வந்துவிட்டது. அவள் தட்டில் மூன்று துண்டுகள். எங்கள் தட்டுகள் காலி. நாங்கள் மூன்று பேரும் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

எங்கே தப்பு நடந்தது என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. மூன்று ஞாயிறும் அடுப்பைச் சோதித்தோம், சட்டியைச் சோதித்தோம், பேரிக்காயைக் கிராம் கணக்கில் சோதித்தோம். அந்த மூன்று ஞாயிறும் அக்காவின் நாற்காலி காலியாகவே இருந்தது. அதில் ஒரு மூட்டையை வைக்க மறந்துவிட்டோம். அதற்கு எதிரே உட்கார்ந்து கண்ணை எங்கே வைத்துக்கொள்வது என்று நாங்கள் ஒருவரும் பழகியிருக்கவில்லை.

அக்கா அந்த மூன்று துண்டுகளைப் பார்த்தாள். நாற்காலியைப் பிடித்திருந்த கை பின்னால் தள்ளத் தயாரானது. பின்னறைக் கதவு திறந்துதான் இருந்தது. அத்தானின் முகத்தை நான் பார்க்கவில்லை, பார்க்கத் தைரியம் வரவில்லை.

பாதி எழுந்த அக்கா சட்டென்று மூக்கைச் சுளித்தாள்.

"அய்யய்யோ! அங்க கருகுது பாருங்க! என் மூஞ்சில என்ன இருக்கு? அடுப்பப் பாருங்க!"

மேட்டின் மேலிருந்த மிச்சத் துண்டுகளிலிருந்து புகை கிளம்பிக்கொண்டிருந்தது. மூன்று பேரும் ஒரே நேரத்தில் பாய்ந்தோம். நான் திருப்பிய துண்டை அத்தான் எடுக்க, அத்தான் எடுத்ததைப் பாப்பா சூப்பில் தட்டிவிட, ஒரு துண்டு என் மடியில் விழுந்து நான் துள்ளினேன். "தீயக் குறைங்கப்பா!" "குறைச்சிட்டேன், நீ அந்தக் காளானத் தள்ளு!" "மாமா, அது என்னோட துண்டு!" கருகியதையெல்லாம் ஓரம் கட்டி, மேட்டைத் துடைத்து, உச்சியில் புதுக் கொழுப்பு வைத்து, புதுத் துண்டுகளைப் பரப்பி முடிக்க இரண்டு மூன்று நிமிஷம் ஆகியிருக்கும். மடியைத் துடைத்துக்கொண்டு நான் நிமிர்ந்தபோது, அக்கா உட்கார்ந்து மென்றுகொண்டிருந்தாள்.

அவள் தட்டில் இரண்டு துண்டுகள்தான் இருந்தன. அவள் முதல் வாய் வைத்ததை எங்களில் ஒருவரும் பார்க்கவில்லை.

பிறகு பார்க்க நேரமும் இருக்கவில்லை. அடுப்பு விடவில்லை. ஒன்றைத் திருப்பினால் இன்னொன்று வேகும், சூப் வற்றினால் ஊற்ற வேண்டும், இலையை மடித்தால் பிரிந்துபோகும். அக்கா ஒரு துண்டைச் சூப்பில் தோய்ப்பாள், வாயில் வைப்பாள், ஒரு கரண்டி சூப் குடிப்பாள், நிதானமாக மெல்லுவாள். நாங்கள் அடுத்த துண்டு வேகக் காத்திருப்போம். ஒருமுறை பாப்பா அவசரப்பட்டு இடுக்கியை நீட்ட, அக்கா அவள் கையில் லேசாக அடித்தாள். "பறக்காத. இன்னும் வேகல." இதைச் சொன்னது எங்கள் அக்காதானா என்று நான் சூப்பை உறிஞ்சுவது போலக் குனிந்துகொண்டேன். கண்ணில் தண்ணீர் வந்ததற்குப் பச்சை மிளகாயைக் காரணம் காட்டினேன்.

முக்கால் மணி நேரம் ஆகியிருக்கும். அக்கா திடீரென்று கரண்டியைக் கீழே வைத்தாள். அத்தானையே பார்த்தாள்.

"ஏங்க, நீங்க ஏன் காரம் தொட்டுக்கல?"

"வேணாம்னுதான்."

"காரம் இல்லாம உங்களுக்குச் சோறு இறங்காதே." வார்டில் நோயாளியிடம் பேசும் குரல் வந்துவிட்டது. "நாக்க நீட்டுங்க."

"சாப்பிடும்போது என்னம்மா..."

"நீட்டுங்கன்னேன்."

ஐம்பத்து மூன்று வயது மனிதர், எங்கள் இரண்டு பேர் முன்னாலும், தலையைக் கொஞ்சம் தூக்கி நாக்கை நீட்டினார். அக்கா எழுந்து, அவர் தாடையைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினாள். நுனி முழுக்கச் சிவந்து வெந்திருந்தது. நடுவில் வெள்ளையாகத் தோல் உரிந்திருந்தது.

"இது கடிச்ச காயம் இல்ல. சுட்டுக்கிட்டது. எதுல?"

அத்தான் நாக்கை உள்ளே இழுத்துக்கொண்டார். "டீல."

"தெரியாமலா?"

எனக்கு அந்த டம்ளரும், சித்தரத்தையும், குழறலும் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. ஞாயிறு காலைகளில் கொதிக்கிற டீயை வாயில் ஊற்றித் தன் நாக்கைத் தானே புண்ணாக்கிக்கொண்டு, அந்தப் புண்ணில் ஒவ்வொரு சாமானாக வைத்து எது எரிகிறது, எது எரியவில்லை என்று பார்த்திருக்கிறார். எரிந்ததையெல்லாம் எடுத்துவிட்டார். மீதி இருந்ததுதான் எங்கள் முன்னால் கொதித்துக்கொண்டிருந்தது.

"அப்பா!" என்றாள் பாப்பா.

"நல்ல வாய்க்கு எது எரியும்னு எப்படித் தெரியும்?" என்றார் அத்தான், மேஜையைப் பார்த்துக்கொண்டு. "மூட்டைக்கு அப்புறம் நான்தானே ஏறணும்."

"எத்தனை தடவை?"

"நாலு. இன்னைக்குக் காலைலயும் சேத்து."

அக்கா அவர் தாடையை விடாமல் நின்றாள். திட்டப் போகிறாள் என்று நினைத்தேன். திட்டவில்லை. இருபத்தைந்து வருஷம் இவரை மந்தம் என்று நினைத்துக்கொண்டிருந்த என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது. சட்டியில் யாரும் கவனிக்காத ஒரு துண்டு மறுபடி புகைய ஆரம்பித்தது. பாப்பா சத்தமில்லாமல் அதைத் திருப்பிப் போட்டாள்.

அக்கா உட்கார்ந்தாள். ஒரு கிண்ணத்தில் சூப்பை மொண்டு, அதில் ஒரு துண்டு இறைச்சியைச் சின்னதாகக் கிள்ளிப் போட்டு, அத்தான் முன்னால் வைத்தாள். அவர் உடனே அதை எடுக்கப் போனார். அவள் அவருடைய மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"ஆக்கப் பொறுத்தீங்கல்ல? ஆறவும் பொறுங்க."

இன்னொரு கிண்ணத்தில் தனக்கும் மொண்டு பக்கத்தில் வைத்தாள். இரண்டு கிண்ணங்களிலிருந்தும் ஆவி எழுந்து ஜன்னல் பக்கம் போனது. அத்தானின் மணிக்கட்டை அவள் இன்னும் விடவில்லை. பாப்பா மேட்டின் மேல் நாலு துண்டுகளைப் பரப்பிவிட்டு, இடுக்கியைக் கீழே வைத்துவிட்டுச் சாய்ந்து உட்கார்ந்தாள். நாங்கள் கிண்ணங்கள் ஆறக் காத்திருந்தோம்.